அண்ணி எடுக்காத படம்

எங்கள் அண்ணிக்குச் சும்மா உட்காரத் தெரியாது. ஆனால் அடுத்தவர்கள் சும்மா உட்கார்ந்திருப்பதைப் பார்ப்பதற்கென்றே ஒரு தொழிலைப் பிடித்துக்கொண்டார். ஆவணப்படம் எடுப்பவர். பெரிய மனிதர், பெரிய சம்பவம் என்று எதன் பின்னாலும் போகமாட்டார். முடி வெட்டுகிறவர் கடைசி ஆள் போனதும் தன் சுழல் நாற்காலியில் தானே சாய்ந்து கண்ணாடியைப் பார்ப்பாரே, அதை ஒரு முழுப் படமாக எடுத்திருக்கிறார். "வேலை முடிஞ்சதும் கை எங்க போகுதுன்னு பாரு தம்பி. அதுலதான் ஆளு தெரியும்" என்பார். நானும் பார்த்தேன். முக்கால்வாசிப் பேருக்கு இடுப்புக்குத்தான் போகிறது.

நான் அவருடைய ஒலிப்பதிவாளன். கொழுந்தனும் நானே என்பதால் கோபித்துக்கொண்டு போக முடியாத ஒலிப்பதிவாளன். காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, நீளக் கம்பின் நுனியில் மைக்கைக் கட்டித் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து நிற்பது என் பிழைப்பு. "ஓடுது" என்று அண்ணி சொன்னால் என் கருவியைத் தட்டிவிடுவேன். "போதும்" என்றால் நிறுத்துவேன். நடுவில் தும்மக்கூட எனக்கு அனுமதி கிடையாது.

அண்ணன் பஸ் ஓட்டுகிறான். அவர்கள் கல்யாணமே ஒரு படத்தில்தான் தொடங்கியது. ஓட்டுநர்கள் ஓய்வெடுப்பதை எடுக்க அண்ணி டிப்போவுக்குப் போயிருந்தார். கேமராவைக் கண்டதும் ஒருவர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். ஒருவர் செய்தித்தாளைப் பிரித்தார். ஒருவர் எழுந்து போய் டயரைத் தட்டிப் பார்த்தார். அண்ணன் ஒருவன்தான் ஸ்டீயரிங் மேல் தலையைச் சாய்த்து, வாயைத் திறந்தபடி தூங்கிக்கொண்டே இருந்தான். அதில் என்ன நேர்மையைக் கண்டாரோ தெரியாது, விசாரித்து வந்து கட்டிக்கொண்டார். "ஊர்ல முழிச்சிருக்கிற மாப்பிள்ளையே கிடைக்கலையா" என்று அண்ணியின் தாய்மாமன் இன்றைக்கும் சொல்லிக்காட்டுவார்.

அந்த மாமாவுக்குக் கடைவீதியில் ஒரு டைல்ஸ் கடை. அதில் கல்லாவுக்குப் பக்கத்து நாற்காலி காலியாக இருந்தது. வெளி ஆளை நம்பமாட்டார், அக்கா மகள் வந்து உட்கார்ந்தால் நிம்மதி என்று வாரம் தவறாமல் போன் செய்தார். வீட்டில் பேச்சு வந்தது. அண்ணன் கெட்டவன் இல்லை. ஆனால் விடியற்காலையில் ஸ்டீயரிங் பிடித்து, பிற்பகலில் முதுகைப் பிடித்துக்கொண்டு வருகிறவனுக்கு வேலை என்றால் எங்காவது வலிக்க வேண்டும். "நாள் பூரா நின்னு வேடிக்கை பார்த்துட்டு வர்றே. இதை வேலைன்னு வெளியில எப்படிச் சொல்றது" என்று ஒருநாள் வாயை விட்டுவிட்டான். அண்ணி சண்டை போடவில்லை. தட்டைக் கழுவி வைத்துவிட்டு வந்து, "இன்னும் ஒரே ஒரு படம். அது சரியா வரலைன்னா ஒண்ணாம் தேதியிலேருந்து மாமா கடைக்குப் போறேன்" என்றார். சொன்ன சொல்லை மாற்றுகிற பழக்கம் அவருக்கு இல்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது.

அந்த ஒரு படத்துக்கு அவர் பிடித்த இடம் ஒரு சலவை ஆலை. மருத்துவமனைகளிலும் விடுதிகளிலும் இருந்து மூட்டை மூட்டையாகப் படுக்கை விரிப்புகள் வரும். ஒரு பக்கம் ஆள் உயர இயந்திரங்கள் அவற்றைப் புரட்டித் துவைக்கும். அடுத்த பக்கம் கொதிக்கிற இஸ்திரி உருளை ஈர விரிப்பை உள்ளே வாங்கி மொடமொடவென்று வெளியே தள்ளும். கடைசியில் நீளமான மடிப்பு மேஜை. ஊரே படுத்துத் தூங்குகிற விரிப்பை நாளெல்லாம் நின்றுகொண்டே வெளுத்துக் கொடுக்கிறவர்கள் எப்போது, எங்கே உட்காருகிறார்கள் என்பது அண்ணியின் கேள்வி. ஆலையின் மேற்பார்வையாளர் யோசித்து யோசித்து ஒரே ஒரு நாள் அனுமதி தந்தார். படத்தை முதலில் தன்னிடம் காட்ட வேண்டும், பிறகு தொழிலாளர்களுக்குக் காட்டலாம் என்றார். அண்ணி தலையாட்டினார்.

இங்கே அண்ணியின் இரண்டு வழக்கங்களைச் சொல்லியாக வேண்டும். கேமரா ஓடும்போது முன்னால் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு எரியும். அதைப் பார்த்ததும் ஆட்கள் கல்யாணப் போட்டோவுக்கு நிற்பது போல விறைத்துவிடுகிறார்கள் என்று, அந்த விளக்கின் மேல் கருப்பு நாடாவை ஒட்டிவிடுவார். இன்னொன்று, கேமராவின் திரையை மடித்து மூடி, அதை மார்போடு அணைத்துப் பிடித்துக்கொள்வார். அப்போதுதான் எதிரில் இருப்பவர்கள் கேமராவைப் பார்க்காமல் தன் முகத்தைப் பார்ப்பார்கள் என்பார். ஆக, கேமரா ஓடுகிறதா இல்லையா என்று பிறருக்கும் தெரியாது, அண்ணிக்கும் தெரியாது. பட்டனை ஒரு தட்டுத் தட்டினால் ஓடும், மறு தட்டுக்கு நிற்கும். விரல் கணக்குத்தான்.

அன்று காலை வாசலில் காவலர் எங்கள் பையைச் சோதித்தார். வாடகைக் கேமராவைக் கையில் வாங்கி, கத்தரிக்காய் பொறுக்குவது போலத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இது எத்தனை கிலோ வரும்?" என்று கேட்டார். எங்கெங்கோ அமுக்கிப் பார்த்தார். பிறகு பெருந்தன்மையோடு திருப்பிக் கொடுத்தார்.

நாள் முழுக்க வேலை பார்த்தோம். மூட்டை பிரிப்பவர்கள், இயந்திரக்காரர், உருளைக்கு விரிப்பு கொடுக்கும் பெண்கள் என்று அண்ணி ஒவ்வொரு இடத்திலும் அசையாமல் நின்று எடுத்தார். மடிப்பு மேஜையில் ஒரு அம்மாள் இருந்தார். எல்லோரும் அவரை மடிப்பு அக்கா என்றார்கள். எதிரில் ஒருத்தி, இந்தப் பக்கம் இவர். விரிப்பை இருவரும் உதறினால் அது காற்றில் ஒரு தடவை உப்பி, இறங்கும்போது பாதியாக மடிந்திருக்கும். பேசிக்கொண்டே செய்வார்கள், பார்க்கக்கூட மாட்டார்கள். அண்ணி அதையே திரும்பத் திரும்ப எடுத்தார். மேற்பார்வையாளர் இடுப்பில் சாவிக்கொத்து குலுங்க அந்தப் பக்கம் வந்துவிட்டால் போதும், எள் என்றால் எண்ணெயாக நிற்பார்கள். ஓய்வு என்ற ஒன்று அந்தக் கூரையின் கீழ் இருப்பதாகவே தெரியவில்லை. "எனக்கு வேலை கிடைச்சிருக்கு தம்பி, ஓய்வு கிடைக்கலை. பாதிப் படம்தான் கைல இருக்கு" என்று அண்ணி முணுமுணுத்தார். மதிய இடைவேளையில் நான் வாசல் காவலரோடு சாப்பிடப் போய்விட்டேன். திரும்பி வந்தபோது அண்ணி தலைமுடி கலைந்து, கன்னத்தில் துணியின் கோடு விழுந்து, கேமராவைக் கட்டிக்கொண்டு பரபரவென்று நின்றிருந்தார்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து மேஜையில் கணினியைத் திறந்தோம். முதல் காட்சி ஒரு பெரிய மூக்குத் துவாரம். வாசல் காவலருடையது. "இது எத்தனை கிலோ வரும்?" என்று மூக்கு கேட்டது. நான் சிரித்தேன். அடுத்து அண்ணியின் செருப்பு, தரை, வாளி, என் முழங்கால். அடுத்த காட்சியும் தரை. அதற்கடுத்ததில் ஒரு சுவர். நான் சிரிப்பதை நிறுத்தினேன். காவலர் அமுக்கியதில் ஒன்று பட்டன். அந்த ஒரு தட்டில் நாள் முழுவதும் தலைகீழாகிவிட்டது. அண்ணி "ஓடுது" என்றபோதெல்லாம் கேமரா நின்றிருக்கிறது. "போதும்" என்று சொல்லி அதைத் தொங்கப் போட்டபோதும், எங்காவது வைத்தபோதும் ஓடியிருக்கிறது. மடிப்பு மேஜையில் உப்பி இறங்கிய அத்தனை விரிப்புகளில் ஒன்றுகூட இல்லை.

விளக்கை மறைத்தது யார், திரையை மூடியது யார்? தன் வினை தன்னைச் சுட்டது. என் கருவியில் மட்டும் எல்லாம் ஒழுங்காக இருந்தது. இயந்திரத்தின் உறுமல், உருளையின் சீறல், விரிப்பு உதறுகிற சத்தம். சத்தத்தை மட்டும் வைத்துப் படம் காட்ட முடியுமா? அண்ணி அழவில்லை. கணினியை மெதுவாக மூடினார். வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அண்ணன், "சரி விடு. மாமாகிட்ட சொல்லிடலாமா?" என்றான். ஆறுதலாகத்தான் சொன்னான். "நானே சொல்றேன்" என்றார் அண்ணி. மறுநாள் மேற்பார்வையாளரிடம் இன்னொரு நாள் கேட்டுப் பார்த்தோம். ஒரு நாள் என்றால் ஒரு நாள்தான் என்று முடித்துவிட்டார்.

அந்த வாரம் அண்ணி வீட்டில் இருந்த எல்லாத் துணியையும் துவைத்தார். துவைத்ததையே மறுபடி துவைத்தார். ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது என்பார்கள்.

கேமராவைத் திருப்பிக் கொடுக்கும் நாள் வந்தது. பதிவுகளை அழித்துவிட்டுத்தான் கொடுக்க வேண்டும். எதையும் பார்க்காமல் அழிப்பது எங்கள் தொழிலில் பாவம். தரையும் சுவரும்தானே என்று நான் சொல்லியும் கேட்காமல், அண்ணி ஒவ்வொன்றாக ஓட்டினார். தரை ஓடியது. சுவர் ஓடியது. பிறகு துணிக்கிடங்கு வந்தது. அலமாரியில் கேமராவை வைத்துவிட்டு நாங்கள் விளக்கு கேட்கப் போன நேரம் அது. கதவு திறந்து மேற்பார்வையாளர் உள்ளே வந்தார். சுற்றும் முற்றும் பார்த்தார். ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து, ஷூவைக் கழற்றி, வீங்கிய காலை மூட்டை மேல் நீட்டினார். கட்டைவிரலை ஆட்டிக்கொண்டே ஏதோ ஒரு பாட்டை ராகம் தப்பி முனகினார். வெளியில் பேச்சுச் சத்தம் கேட்டதும் மனிதர் ஷூவுக்குள் பாய்ந்த பாய்ச்சலைப் பார்க்க வேண்டும். அண்ணி கன்னத்திலிருந்து கையை எடுத்தார்.

அதற்குப் பிறகு அவர் எதையும் ஓட்டித் தள்ளவில்லை. அத்தனையிலும் ஓய்வு இருந்தது. இயந்திரக்காரர் சூடான கதவில் முதுகை ஒட்டி நின்று கண்ணை மூடுகிறார். உருளைப் பெண் ஒருத்தி தோழியின் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்து நெட்டி முறிக்கிறாள். கேமரா ஓடவில்லை என்று அண்ணியே நம்பியதால் அவர்களும் நம்பிவிட்டார்கள். தேடித் தேடிக் கிடைக்காதது, தொங்கப் போட்ட கேமராவில் தானாக வந்து விழுந்திருந்தது.

அவற்றில் ஒன்று மதிய இடைவேளை. கேமரா மடிப்பு மேஜையில் இருக்கிறது. எதிரே சுவரோரம், பாதி நிரம்பிய ஒரு துணித் தள்ளுவண்டி. அதன் மேல் சாய்ந்து, சரிந்து, விரிப்புகளுக்குள் புதைந்து ஒரு பெண் தூங்குகிறாள். அது எங்கள் அண்ணி. பகலில் தலை சாய்க்காத அண்ணி. நான் திரும்பிப் பார்த்தேன். "அஞ்சு நிமிஷம் கண்ணசந்தேன், அவ்வளவுதான்" என்றார். படத்தில் மணி அடித்தது. பெண்கள் திரும்பி வந்தார்கள். ஒருத்தி அந்த வண்டியைத் தள்ளக் கை வைத்தாள்.

"ஏய், அதை விடு. வேற வண்டி எடு" என்றது மடிப்பு அக்காவின் குரல்.

"எழுப்பி விடட்டுமாக்கா? படம் எடுக்கணும்னு வந்துச்சே."

"எடுக்கட்டும், எங்க ஓடிடப் போகுது. காலையிலேருந்து அந்தக் கல்லை மார்ல கட்டிக்கிட்டு ஒரு இடத்துல உக்காரலை. நாமளாவது கையைக் காலை ஆட்டுறோம். அசையாம நிக்கிறதுதான்டி பெரிய வேலை. வேலை செஞ்ச புள்ள, கொஞ்சம் தூங்கட்டும்."

அடுத்த வண்டியின் முன்சக்கரம் கிரீச்சென்றது. மடிப்பு அக்கா உஸ்ஸென்றார். இரண்டு பெண்கள் ஆளுக்கொரு பக்கம் பிடித்து, அவ்வளவு பாரத்தோடு வண்டியின் முன்பக்கத்தைத் தரையிலிருந்து தூக்கி, அண்ணியைத் தாண்டும்வரை அப்படியே கொண்டுபோய், அந்தப் பக்கம் மெல்ல இறக்கினார்கள். உருளையிலிருந்து சூடாக வந்த ஒரு விரிப்பை யாரோ அண்ணியின் கால்மேல் போர்த்தினார்கள். அண்ணி தூக்கத்தில் அதை இழுத்துக்கொண்டார்.

அண்ணி அந்த இடத்தைத் திரும்பவும் ஓட்டினார். "வேலை செஞ்ச புள்ள" என்றது கணினி. மறுபடி ஓட்டினார். பிறகு அழுதார். நன்றாக, சத்தம் போட்டு அழுதார். இத்தனை வருஷம் கூடவே நின்றவன் நான், ஒரு தடவை நானும் அதைச் சொல்லியிருக்கலாம்.

கேமராவைக் கொடுத்து அனுப்பிவிட்டு, பதிவுகளை மட்டும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். என் கருவியில் வேலையின் சத்தம் இருந்தது, அவர் கேமராவில் ஓய்வின் படம் இருந்தது. இரண்டையும் சேர்த்தார். திரையில் சும்மா கிடக்கிற கைகள், பின்னால் உருளை சீறுகிறது. நெட்டி முறிகிற விரல்கள், பின்னால் விரிப்பு உதறி உதறி மடிகிறது. பார்க்கிறவர்களுக்கு அந்தக் கை எதிலிருந்து வந்து ஓய்கிறது என்று சொல்லாமலே புரிந்தது. தன் தூக்கத்தை மட்டும் வெட்டி எறிந்தார்.

படத்தில் இருந்த ஒவ்வொருவரிடமும் போய், அவரவர் பகுதியைக் காட்டிச் சம்மதம் கேட்டார். தெரியாமல் எடுத்தது ஆயிற்றே. மேற்பார்வையாளரிடம் போகும்போது நான் ஓரடி பின்னாலேயே நடந்தேன். அவர் தன்னையே பார்த்தார். முகம் கறுத்தது. இன்னொரு தடவை போடச் சொன்னார்.

"என் காலு இவ்வளவா வீங்கியிருக்கு?" என்றார்.

"வேண்டாம்னா எடுத்துடுறேன் சார்" என்றார் அண்ணி.

அவர் சாவிக்கொத்தை நெருடிக்கொண்டே இருந்தார். "இருக்கட்டும். எனக்கு ஒரு பிரதி வேணும். ஆபீஸ்ல ஃபேனுக்குக் கீழ உக்காந்துட்டு வர்றேன்னு வீட்டுல சொல்றா. அவகிட்ட காட்டணும்."

அவரையடுத்து மடிப்பு அக்காவிடம் போனபோதுதான் தகராறு. எல்லாவற்றையும் பார்த்துவிட்டு, "நீ எங்க?" என்று கேட்டார். அது தேவையில்லை என்று எடுத்துவிட்டேன் என்றார் அண்ணி. "அது எப்படி? எங்க எல்லாரையும் தூங்க வச்சு ஊருக்குக் காட்டிட்டு, நீ மட்டும் நழுவப் பார்க்கிறியா? மாமியார் உடைச்சா மண்குடமா? அதை வை, இல்லைன்னா என்னையும் எடுத்துடு." அண்ணி திரும்ப வைத்தார்.

ஒரு சனிக்கிழமை மதியம் ஆலையின் சாப்பாட்டு அறையில் படம் போட்டோம். திரைக்கு அங்கே பஞ்சமா? மடிப்பு அக்கா ஒரு விரிப்பைச் சுருக்கம் தெரியாமல் தேய்த்துக் கட்டியிருந்தார். அண்ணன் ஒரு நடை முடித்து, அடுத்த நடைக்கு முன் கிடைத்த நேரத்தில் சீருடையோடு வந்து கதவருகே நின்றான். மேற்பார்வையாளரின் கட்டைவிரல் ஆடியபோது அறை சிரிப்பில் அதிர்ந்தது, அவரும் சிரித்தார். நெட்டி முறிகிற விரல்கள் வந்தபோது யாரும் சிரிக்கவில்லை. பலர் தங்கள் கையைத் தாங்களே பார்த்துக்கொண்டார்கள். கடைசியில் அண்ணி தூங்கினார். அங்கே மட்டும் என் சத்தங்களை எல்லாம் எடுத்துவிட்டிருந்தார். பேச்சும் அந்தக் கிரீச்சும் மட்டும்தான். சக்கரம் தரையை விட்டு எழும்பியபோது நான் அண்ணனைப் பார்த்தேன். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தான். படம் முடிந்ததும் அவனைக் காணவில்லை.

அடுத்த நடையில் அவன் பஸ்ஸிலேயே வீட்டுக்குக் கிளம்பினோம். அவனுக்குப் பின்னால் இருந்த இருக்கையில் அண்ணி, பக்கத்தில் நான். ஏறி உட்கார்ந்து கொஞ்ச நேரத்துக்குள் அண்ணியின் தலை ஜன்னலில் சாய்ந்தது. வாய் லேசாகத் திறந்துகொண்டது. புருஷனுக்கு ஏற்ற பெண்டாட்டிதான். எங்கள் தெருப் பக்கம் வேகத்தடைகள் அதிகம். அவற்றின் மேல் அண்ணன் பஸ்ஸை ஏற்றினால் பயணிகள் ஒரு சாண் எழும்பி உட்காருவார்கள், அவன் பெயரே அந்தத் தடத்தில் 'தூக்கிப்போடு'. அன்றைக்கு முதல் தடை வந்ததும் பஸ் ஏறக்குறைய நின்றுவிட்டது. முன்சக்கரம் ஏறியது தெரியவில்லை, இறங்கியதும் தெரியவில்லை. அடுத்ததிலும் அப்படியே.

"என்னப்பா, பஸ்ஸா இது, கட்டை வண்டியா?" என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"வேலைக்குப் போயிட்டு வந்தவங்க தூங்குறாங்க. கொஞ்சம் பொறுத்துக்குங்க" என்றான் அண்ணன், திரும்பாமல்.

அண்ணியின் பையில் போன் அடித்தது. எழுந்துவிடப் போகிறாரே என்று அவசரமாக எடுத்தேன். டைல்ஸ் கடை மாமா. "ஒண்ணாம் தேதி வந்தாச்சு. வர்றாளா இல்லையா, ஒரே பேச்சா சொல்லச் சொல்லு. நாற்காலி சும்மா கிடக்கு" என்றார். கொஞ்சம் இருக்கச் சொன்னேன். சிக்னலில் பஸ் நின்றபோது குனிந்து அண்ணனிடம் கேட்டேன்.

அவன் கண்ணாடியில் ஒரு தடவை அண்ணியைப் பார்த்தான். "அவளுக்கு வேலை இருக்குன்னு சொல்லு" என்றான்.

நான் வாயைக் கையால் மறைத்துக்கொண்டு, மெதுவாகச் சொன்னேன்.